டிக்ரி கையில இருக்கு, காசு எங்கே?

(எபிசோடின் திருத்தப்பட்ட எழுத்து வடிவம். பேச்சு நடையைப் பெரும்பாலும் அப்படியே விட்டிருக்கிறோம்.)



"விபத்து நஷ்டஈடு தராததால் அரசு பஸ் ஜப்தி." இந்தத் தலைப்பை நீங்க ஒரு தடவையாவது பார்த்திருப்பீங்க. பஸ் ஸ்டாண்ட்ல கிளம்பத் தயாரா ஒரு பஸ் நிக்கும். கோர்ட் ஊழியர் ஒருத்தர் வந்து கண்ணாடியில நோட்டீஸ் ஒட்டுவார். பயணிகள் எல்லாம் பையைத் தூக்கிட்டு இறங்குவாங்க. பஸ் நேரா கோர்ட் வளாகத்துக்குப் போய் வேப்பமரத்தடியில நிக்கும். சில சமயம் பஸ்ஸுக்குப் பதிலா கலெக்டர் ஆபீஸ் நாற்காலி, கம்ப்யூட்டர், ஜீப். நிலம் எடுத்ததுக்குப் பணம் தரலைன்னு.

நமக்கு அது ஒரு காமெடி நியூஸ். மீம் போட்டுட்டுப் போயிடுவோம். ஆனா அந்த நோட்டீஸுக்குப் பின்னாடி ஒரு குடும்பம் இருக்கு. கேஸ் போட்டு, சாட்சி சொல்லி, பல வருஷம் அலைஞ்சு ஜெயிச்ச குடும்பம். ஜெயிச்ச பிறகும் எதிராளி காசு தரலை. அதனால ரெண்டாவதா ஒரு மனு போட வேண்டியிருக்கு. வக்கீல்கள் அதை 'ஈ.பி.'ன்னு சொல்லுவாங்க, நிறைவேற்று மனு. இன்னிக்கு எபிசோட் அந்த ரெண்டாவது மனுவோட வரலாறு.

இதுல எனக்குச் சொந்தக் காரணமும் இருக்கு. போன வருஷம் எங்க ஆச்சியோட டிரங்குப் பெட்டியை ஒழிச்சுட்டு இருந்தோம். பழைய ரேஷன் கார்டுக்கு அடியில நாலா மடிச்ச ஒரு கனமான காகிதம். மேல கோர்ட் முத்திரை. 1993-ல முன்சீப் கோர்ட் கொடுத்த டிக்ரி நகல். ஆச்சி தன் நகையை அடகு வச்சு, பக்கத்துத் தெரு கடைக்காரர் ஒருத்தருக்கு 40,000 ரூபாய் கடன் கொடுத்திருக்காங்க. அவர் திருப்பித் தரலை. கேஸ் போட்டு ஆச்சி ஜெயிச்சாங்க. செலவுத் தொகையோட சேர்த்து, வட்டியோட சேர்த்து, பிரதிவாதி கொடுக்கணும்னு எழுதியிருக்கு. காகிதத்தோட பின்பக்கம் பென்சில்ல ஒரே ஒரு வரி. அந்த வரிக்குக் கடைசியில வரேன்.

கேஸ் முடிஞ்சாத்தான் தலைவலி ஆரம்பிக்கும்னு இன்னிக்குப் புதுசா யாரும் கண்டுபிடிக்கலை. 1872-லயே லண்டன்ல இருந்த பிரிவி கவுன்சில் அதைச் சொல்லிடுச்சு. அப்போ இந்தியாவுக்கு அதுதான் உச்ச நீதிமன்றம். தர்பங்கா ராஜ் சம்பந்தப்பட்ட ஒரு மேல்முறையீட்டுல நீதிபதிகள் கொஞ்சம் சலிப்போட எழுதினாங்க. இந்தியாவுல வழக்காடுகிறவனோட கஷ்டம் அவன் டிக்ரி வாங்கின பிறகுதான் தொடங்குதுங்கிற அர்த்தத்துல. நூத்தம்பது வருஷத்துக்கும் மேல ஆச்சு. இன்னும் நம்ம நீதிபதிகள் தீர்ப்புகள்ல அந்த வரியை எடுத்துப் போட்டுக்கிட்டே இருக்காங்க. ஒரு வரி இவ்வளவு காலம் பழசாகாம இருக்குன்னா, அதுல பெருமைப்பட ஒண்ணும் இல்லை.

சரி, கோர்ட், அமீனா எல்லாம் வர்றதுக்கு முன்னாடி நம்ம ஊர்ல கடனை எப்படி வசூல் பண்ணினாங்க?

இதுக்கு நமக்குக் கிடைக்கிற சாட்சிகள்ல எனக்குப் பிடிச்சவர் மார்க்கோ போலோ. பதிமூணாம் நூற்றாண்டோட கடைசியில, சீனாவுல இருந்து ஊர் திரும்புற வழியில, அவர் பாண்டிய நாட்டுக் கரைக்கு வர்றார். அரபு வணிகர்கள் 'மாபார்'னு சொன்ன பகுதி. காயல் துறைமுகத்தைப் பத்தியெல்லாம் எழுதியிருக்கார். அங்க கடன் வசூல் எப்படி நடக்குதுன்னும் சொல்றார். கடனாளி நாளைக்குத் தரேன், நாளன்னிக்குத் தரேன்னு இழுத்தடிச்சா, கடன் கொடுத்தவன் சமயம் பார்த்து அவனைச் சுத்தித் தரையில ஒரு வட்டம் போடுவான். அவ்வளவுதான். கடனைத் தீர்க்காம, இல்லாட்டி தகுந்த ஈடு காட்டாம, அந்த வட்டத்தைத் தாண்டக் கூடாது. தாண்டினா மரண தண்டனை.

இதோட நிறுத்தலை அவர். தான் கண்ணால பார்த்ததா ஒரு சம்பவமும் சொல்றார். ராஜாவே ஒரு வெளிநாட்டு வியாபாரிக்குக் கடன்பட்டிருந்தாராம். கேட்டுக் கேட்டுப் பார்த்தும் காசு வரலை. ஒருநாள் ராஜா குதிரையில ஊருக்குள்ள வரும்போது, அந்த வியாபாரி போய் ராஜாவையும் குதிரையையும் சேர்த்து வட்டம் போட்டுட்டான். ராஜா அப்படியே நின்னுட்டார். வியாபாரிக்குத் திருப்தி ஆகிற வரைக்கும் அங்க இருந்து நகரலை. சுத்தி நின்ன ஜனங்க ராஜாவோட நியாயத்தை மெச்சினாங்களாம்.

மார்க்கோ போலோ கொஞ்சம் கதை விடுறவர்தான், தெரியும். இருந்தாலும் இருநூறு வருஷம் கழிச்சு, பதினாறாம் நூற்றாண்டுத் தொடக்கத்துல, வர்த்தேமாங்கிற இன்னொரு இத்தாலியப் பயணி கள்ளிக்கோட்டையில கிட்டத்தட்ட இதே வட்டத்தைப் பத்தி எழுதுறார். அங்கேயும் வட்டம், அங்கேயும் ராஜா பேரால ஆணை. அதனால தென்னிந்தியாவுல இப்படி ஒரு வழக்கம் இருந்திருக்கணும்னுதான் நான் நினைக்கிறேன். அந்த வெளிநாட்டு வியாபாரி யாருன்னு போலோ சொல்லலை. பாரசீக வளைகுடாவுல இருந்து பாண்டிய ராஜாவுக்குக் குதிரை வித்த வியாபாரிகளைப் பத்தி அவரே நிறைய எழுதுறதால, குதிரைக் கடனா இருக்கலாம்னு எனக்கு ஒரு சந்தேகம். அப்படின்னா வட்டத்துக்குள்ள நின்ன குதிரைக்கே காசு பாக்கி இருந்திருக்கும். இது என் ஊகம் மட்டும்தான்.

வடக்கே இதுக்கு வேற வடிவம். கடன் கொடுத்தவன், இல்லாட்டி அவனுக்காக ஒரு பிராமணர், கடனாளி வீட்டு வாசல்ல போய் உக்காருவார். கையில விஷமோ கத்தியோ இருக்கும். சாப்பிட மாட்டார். அவர் பட்டினி கிடக்கும்போது உள்ளே இருக்கிறவங்களும் சாப்பிடக் கூடாது. அவர் செத்துட்டா பாவம் கடனாளி தலையில. இதுக்குப் பேருதான் தர்ணா. ஆமா, இன்னிக்கு நாம சம்பளம் கேட்டு, தண்ணி கேட்டு உக்கார்ற அதே தர்ணா. கடன் வசூல்ல பிறந்த வார்த்தை அது. நம்ம 'மறியல்' கூட மறிச்சு நிறுத்துறது, தடுத்து வைக்கிறதுங்கிற பொருள்ல இருந்து வந்ததுதான். இலங்கைத் தமிழ்ல 'மறியல்'னா சிறை.

ஹென்றி மெயின்னு ஒரு சட்ட அறிஞர் இருந்தார். 1860-கள்ல வைஸ்ராய் கவுன்சில்ல சட்ட உறுப்பினர். அவர் பழைய ஐரிஷ் சட்ட நூல்களைப் படிச்சுட்டு ஆச்சரியப்பட்டார். அயர்லாந்துலயும் கடன் கொடுத்தவன் பெரிய மனுஷன் வீட்டு வாசல்ல பட்டினி கிடந்திருக்கான். இங்கே பார்த்த தர்ணா, அங்கே பழைய ஏட்டுல.

கம்பெனி ஆட்சிக்கு இந்தப் பழக்கம் பிடிக்கலை. 1795-ல காசி பகுதிக்குன்னே ஒரு ஒழுங்குமுறைச் சட்டம் போட்டு தர்ணாவைத் தடுத்தாங்க. அப்புறம் 1860 இந்திய தண்டனைச் சட்டத்துல பிரிவு 508. ஒருத்தரைத் தெய்வ கோபத்துக்கு ஆளாவாய்னு நம்ப வச்சு ஒரு காரியத்தைச் செய்ய வைக்கிறது குற்றம். அதுக்குச் சட்டமே கொடுத்த உதாரணம், ஒருத்தன் இன்னொருத்தன் வாசல்ல தர்ணா உக்கார்றது. இப்போ வந்திருக்கிற பாரதிய நியாய சன்ஹிதாவுல அது பிரிவு 354.

இந்த இடத்துல கொஞ்சம் நிக்கணும். ஏன்னா மொத்தக் கதையோட திருப்பமே இதுதான். அதுவரைக்கும் கடன் கொடுத்தவன் கையில ஒரு ஆயுதம் இருந்துச்சு. வட்டமோ, பட்டினியோ, ஊர் வாயோ. அரசு என்ன சொல்லுது? "அதைக் கீழே போடு. நீ கோர்ட்டுக்கு வா. வசூல் பண்ணித் தர்றது என் வேலை." நியாயமான பேரம்தான். வாசல்ல உக்கார்ற ஆயுதம் பலசாலி கையில கிடைச்சா என்ன ஆகும்னு இன்னிக்கு லோன் ஆப்ல மாட்டினவங்களைக் கேளுங்க. போன்ல இருக்கிற காண்டாக்ட் எல்லாருக்கும் கால் பண்ணி மானத்தை வாங்கறதும் ஒரு வட்டம்தான். மரியாதை இல்லாத வட்டம். ஆனா பேரத்துல அரசு தன் பக்கத்தை ஒழுங்கா செஞ்சுதாங்கிறதுதான் கேள்வி.

1859-ல முதல் உரிமையியல் நடைமுறைச் சட்டம் வந்துச்சு. 1877-லயும் 1882-லயும் திருத்தி எழுதினாங்க. கடைசியா 1908-ல போட்டதுதான், நிறையத் திருத்தங்களோட, இன்னிக்கும் ஓடிக்கிட்டிருக்கு. அதுல கட்டளை 21-ன்னு ஒரு பகுதி. டிக்ரியை எப்படி நிறைவேத்தணும்னு நூத்துக்கும் மேற்பட்ட விதிகள். மொத்தச் சட்டத்துல மத்த எந்தக் கட்டளையும் அவ்வளவு நீளம் இல்லை.

சட்டம் ஒழுங்கா வேலை செஞ்சா எல்லாருக்கும் நல்லதுன்னு நினைப்போம். 1875-ல பூனா மாவட்டத்து விவசாயிகள்கிட்ட அதைச் சொல்லியிருந்தா அடிச்சிருப்பாங்க.

அமெரிக்க உள்நாட்டுப் போர் நடந்த 1861-லேர்ந்து 1865 வரைக்கும், இங்கிலாந்து ஆலைகளுக்கு அமெரிக்கப் பருத்தி வரலை. இந்தியப் பருத்திக்கு ஏக கிராக்கி. தக்காணத்துல லேவாதேவிக்காரங்க கேட்டவங்களுக்கெல்லாம் கடன் கொடுத்தாங்க. போர் முடிஞ்சது, விலை விழுந்துச்சு. அதே சமயத்துல நிலவரியை ஏத்திட்டாங்க. கடன் பத்திரத்தை மூணு வருஷத்துக்குள்ள கோர்ட்டுக்குக் கொண்டு போகணும்னு காலவரையறைச் சட்டம் சொல்லுச்சு. கடனாளியைக் காப்பாத்தப் போட்ட விதி அது. நடந்தது என்னன்னா, மூணு வருஷத்துக்கு ஒரு தடவை பழைய வட்டியையும் முதல்ல சேர்த்துப் புதுப் பத்திரம் எழுதி வாங்கினாங்க. குட்டி போட்ட பத்திரம்.

கேஸ் போட்டா விவசாயி பெரும்பாலும் கோர்ட்டுக்கே வர மாட்டான். பத்திரத்துல என்ன எழுதியிருக்குன்னு படிக்கத் தெரியாது, நடந்து போக நாள் ஆகும், வக்கீலுக்குக் காசு இல்லை. எக்ஸ்பார்ட்டி டிக்ரி, அதாவது எதிராளி இல்லாமலே தீர்ப்பு. டிக்ரியைக் கையில வச்சுக்கிட்டு, "ஜெயிலுக்கு அனுப்பட்டுமா, நிலத்தை எழுதித் தர்றியா"ன்னு கேக்கலாம்.

1875 மே 12. சூபாங்கிற ஊர், சந்தை நாள். ஜனங்க லேவாதேவிக்காரங்க வீடுகளைச் சூழ்ந்தாங்க. முப்பதுக்கும் மேற்பட்ட கிராமங்களுக்குப் பரவுச்சு. பிறகு அரசு போட்ட விசாரணைக் கமிஷன் ஒரு விஷயத்தைக் கவனிச்சு எழுதினது. கூட்டம் தேடினது பணத்தையோ நகையையோ இல்லை, பத்திரங்களையும் டிக்ரிகளையும். அதைச் சமாதானமா எடுத்துக் கொடுத்துட்டா பெரும்பாலும் வேற எதையும் தொடாம போயிட்டாங்க. காகிதம் எரிஞ்சா போதும்.

எங்க ஆச்சி டிரங்குப் பெட்டியில பத்திரமா வச்ச அதே மாதிரிக் காகிதம். ஆச்சிக்கு அது வேலை செய்யவே இல்லை. சூபாவுல அது ரொம்ப நல்லா வேலை செஞ்சுச்சு. இந்த ரெண்டையும் நான் ஒண்ணா வச்சுப் பார்க்கறேன். எந்தப் பக்கம் நிக்கிறதுன்னு எனக்கு இன்னும் முழுசாத் தெரியலை.

1879-ல தக்காண விவசாயிகள் நிவாரணச் சட்டம் வந்துச்சு. பண டிக்ரிக்காக விவசாயியை ஜெயில்ல போடக் கூடாது. தனியா அடமானம் வைக்காத நிலத்தை ஜப்தி பண்ணக் கூடாது. பத்திரத்துல போட்ட தொகையை அப்படியே நம்பாம, கடன் எங்க இருந்து தொடங்கிச்சுன்னு கோர்ட் தோண்டிப் பார்க்கணும். அதுவரைக்கும் சட்டத்துக்கு ஒப்பந்தம்னா ஒப்பந்தம்தான். இப்போ முதல் தடவையா பேனா பிடிச்ச கையைப் பத்தியும் கேள்வி கேக்குது.

அந்தப் பயத்தோட எச்சத்தை இன்னிக்கும் சட்டத்துல தொட்டுப் பார்க்கலாம். உரிமையியல் நடைமுறைச் சட்டம், பிரிவு 60. எதையெல்லாம் ஜப்தி பண்ணக் கூடாதுங்கிற பட்டியல். சட்டப் புத்தகத்துல எனக்குப் பிடிச்ச பக்கம் இது. கடனாளி, அவன் மனைவி, குழந்தைகளோட அவசியமான துணிமணி. சமையல் பாத்திரம். கட்டில், படுக்கை. மத வழக்கப்படி ஒரு பெண் கழட்டக் கூடாத ஆபரணம். நம்ம ஊர்ல அதைத் தாலின்னு படிச்சுக்கலாம். கைவினைஞரோட கருவிகள். விவசாயியா இருந்தா ஏர்க்கருவி, பிழைப்புக்குத் தேவையான மாடு, விதை நெல், குடியிருக்கிற வீடு. கணக்குப் புத்தகங்கள். பின்னாடி வருங்கால வைப்பு நிதி, ஆயுள் காப்பீட்டுப் பணம் எல்லாம் சேர்ந்துச்சு. ஒரு மனுஷன்கிட்ட எல்லாத்தையும் பிடுங்கினாலும், நாளைக்குக் காலையில எழுந்து அவன் சமைச்சு, உடுத்தி, வேலைக்குப் போகணும். அதுக்கு என்ன வேணுமோ அதை மட்டும் விட்டு வச்சிருக்காங்க.

சம்பளத்துக்கும் கணக்கு இருக்கு. சாதாரணக் கடன் டிக்ரின்னா முதல் 1,000 ரூபாயைத் தொடக் கூடாது. மீதியில மூணுல ரெண்டு பங்கையும் தொடக் கூடாது. மாசம் 40,000 வாங்கறவர்னா, 1,000-ஐக் கழிச்சா 39,000. அதுல 26,000 அவருக்கு. ஆக 27,000 பத்திரம், 13,000 தான் பிடிக்கலாம். அதுவும் ஒரே டிக்ரிக்கு 24 மாசம் பிடிச்சாச்சுன்னா, அந்த டிக்ரிக்காக அந்தச் சம்பளத்தை மறுபடி தொட முடியாது. ரெண்டு வருஷத்துக்கு 3,12,000. கடன் பத்து லட்சம்னா மீதிக்கு வேற சொத்து தேடணும். பைக் இஎம்ஐ கட்டிக்கிட்டே இதைக் கேக்கறவங்களுக்கு ஒரு குறிப்பு: வண்டியை அடமானமா வச்ச கடனுக்கு இந்தக் கணக்கு வேற.

இப்போ ஜெயில். "கடன் கட்டலைன்னா ஜெயிலா?" இந்தக் கேள்விக்குப் பதில் ஆமாவும் இல்லை, இல்லையும் இல்லை.

1908 சட்டம் கடனாளியைக் கைது பண்ணி சிவில் சிறையில வைக்க அனுமதிச்சது, இன்னும் அனுமதிக்குது. இதுல ஒரு விசித்திரம் இருக்கு. உள்ளே இருக்கிற கடனாளியோட சாப்பாட்டுச் செலவைக் கடன் கொடுத்தவரே கட்டணும். கட்டலைன்னா அவரை விட்டுடுவாங்க. ஏற்கெனவே காசு போனவர், எதிராளிக்குச் சோறும் போடணும். சூரியன் மறைஞ்ச பிறகும் உதிக்கிறதுக்கு முன்னாடியும் கைது பண்ண வீட்டுக்குள்ள நுழையக் கூடாது. பண டிக்ரிக்காகப் பெண்களைக் கைது பண்ணவே கூடாது. இன்னிக்கு நிலவரப்படி டிக்ரி தொகை 5,000 ரூபாய்க்கு மேல இருந்தா அதிகபட்சம் மூணு மாசம். 2,000-க்குள்ள இருந்தா சிறையே கிடையாது. ஜெயிலுக்குப் போய் வந்தாலும் கடன் தீராது. ஆனா அதே டிக்ரிக்கு ரெண்டாவது தடவை கைது பண்ண முடியாது.

1929-ல ராயல் தொழிலாளர் கமிஷன் வந்துச்சு, விட்லி தலைமையில. ஆலைத் தொழிலாளிகளோட கடனைப் பார்த்துட்டு, மாசம் 100 ரூபாய்க்குக் கீழே சம்பளம் வாங்கறவங்களைக் கடனுக்காக ஜெயில்ல போடறதை நிறுத்துங்கன்னு 1931 அறிக்கையில சொன்னாங்க. 1936-ல பிரிவு 51 திருத்தம். சிறைக்கு அனுப்பறதுக்கு முன்னாடி கடனாளிகிட்ட விளக்கம் கேக்கணும். ஓடிப்போகப் பார்க்கறான், இல்லாட்டி சொத்தை நேர்மையில்லாம மாத்தி எழுதிட்டான், இல்லாட்டி கட்ட வசதி இருந்தும் கட்டலை. இதுல ஒண்ணாவது இருக்குன்னு கோர்ட்டுக்குத் திருப்தி ஆகணும்.

காகிதத்துல இப்படி. நடைமுறையில வாரண்ட் போய்க்கிட்டேதான் இருந்துச்சு. கேரளாவுல ஒரு வங்கி வாங்கின டிக்ரி. கடனாளிகளோட சொத்தெல்லாம் ஏற்கெனவே ஜப்தியில. அதுக்கு மேல கைது வாரண்ட் வேற. வழக்கு உச்ச நீதிமன்றத்துக்கு வந்துச்சு. 1980 பிப்ரவரியில நீதிபதி வி.ஆர். கிருஷ்ண ஐயர் தீர்ப்பு எழுதினார். அதுக்கு முந்தின வருஷம்தான் இந்தியா ஒரு சர்வதேச உடன்படிக்கையை ஏத்துக்கிட்டிருந்துச்சு. ஒப்பந்தக் கடனைக் கட்ட முடியலைங்கிற ஒரே காரணத்துக்காக யாரையும் சிறை வைக்கக் கூடாதுங்கிறது அதுல ஒரு ஷரத்து. அதையும் அரசியலமைப்புச் சட்டத்தோட 21-வது பிரிவையும் சேர்த்துப் படிச்சு அவர் சொன்னதோட சாரம் இதுதான்: முடியாம போறது வேற, முடிஞ்சும் ஏமாத்தறது வேற. முன்னாடி எப்பவோ வசதி இருந்துச்சுங்கிறது போதாது. கெட்ட எண்ணம் இருக்கணும். ஏழையா இருக்கிறது குற்றம் இல்லை.

நல்ல தீர்ப்பு. மனசார சொல்றேன். ஆனா அந்தக் கெட்ட எண்ணத்தை நிரூபிக்கிற பாரம் யார் தலையில? எங்க ஆச்சி தலையில.

ஜெயிச்சவங்களும் தோத்துப்போன ஒரு கதை சொல்றேன். பர்மா. செட்டிநாட்டுல இருந்து போன நகரத்தார் கீழ் பர்மா முழுக்க நெல் விவசாயிகளுக்குக் கடன் கொடுத்தாங்க. அவங்களுக்கு வேண்டியது வட்டி, வயல் இல்லை. 1930-கள்ல உலகப் பொருளாதார மந்தம் வந்து நெல் விலை சரிஞ்சதும், கடனுக்கு ஈடா நிலம் அவங்க கைக்கு வந்து சேர்ந்துச்சு. முக்கியமான 13 நெல் மாவட்டங்கள்ல 1930-ல அவங்ககிட்ட இருந்தது சுமார் 6 சதவீத நிலம். 1938-ல அது 25 சதவீதம். வேண்டாத நிலம், வேண்டாத கோபம். போரும் விடுதலையும் வந்த பிறகு நில தேசியமயச் சட்டத்துல அது போயிடுச்சு. அது தனி எபிசோடுக்கான விஷயம்.

அதே மந்த காலத்துல சென்னை மாகாணம். 1937-ல ராஜாஜி பிரதமர், அப்போ மாகாண முதல்வருக்கு அதுதான் பேர். 1938-ல விவசாயிகள் கடன் நிவாரணச் சட்டம் கொண்டு வந்தார். 1932 அக்டோபர் 1-க்கு முன்னாடி வாங்கின கடன்னா, 1937 அக்டோபர் 1 வரைக்கும் பாக்கி இருந்த வட்டி மொத்தமும் தள்ளுபடி. முதலைப்போல ரெண்டு மடங்கு ஏற்கெனவே கட்டியிருந்தா கடனே தீர்ந்துச்சு. இதுல முக்கியமானது, ஏற்கெனவே கோர்ட் கொடுத்த டிக்ரியையும் இந்தக் கணக்குப்படி குறைச்சு எழுதச் சொல்லலாம். கோர்ட் முத்திரை விழுந்த தொகையையே மாத்தலாம்னா கடன் கொடுத்தவங்க சும்மா இருப்பாங்களா? வழக்கு டெல்லி ஃபெடரல் கோர்ட் வரைக்கும் போச்சு. புரோநோட்டு மத்திய அரசோட விஷயம், மாகாணம் அதுல கை வைக்கக் கூடாதுன்னு வாதம். டிக்ரி வந்த பிறகு அது புரோநோட்டுக் கடன் இல்லை, டிக்ரி கடன்னு சொல்லி 1940-ல சட்டத்தைக் காப்பாத்திக் கொடுத்தாங்க.

இன்னிக்குக்கு வருவோம். ஒரு வீட்டை ஜப்தி பண்ணி ஏலம் விடணும்னா என்ன நடக்கும்? ஈ.பி. போடணும். நோட்டீஸ் போகணும். ஜப்தி உத்தரவை அந்த இடத்துல தமுக்கு அடிச்சோ வேற வழக்கமான முறையிலயோ அறிவிக்கணும்னு கட்டளை 21, விதி 54 இன்னும் சொல்லுது. 2022-ல தமிழ்நாட்டுத் தலைமைச் செயலாளர், அரசு அறிவிப்புகளுக்குத் தண்டோரா போடறதை நிறுத்தச் சொல்லிக் கலெக்டர்களுக்குக் கடிதம் எழுதினார். அந்தப் பறையை யார் கழுத்துல மாட்டினாங்கங்கிற கேள்விதான் காரணம். சட்டப் புத்தகத்துல தமுக்கு அப்படியேதான் இருக்கு. அறிவிப்புக்கு அப்புறம் மதிப்பீடு, ஏல விளம்பரம், ஏலம். எடுத்தவர் அன்னிக்கே 25 சதவீதம் கட்டணும், மீதியை 15 நாள்ல. அப்பவும் கடனாளி அறுபது நாளுக்குள்ள முழுத் தொகையோட, ஏலத்தொகையில 5 சதவீதம் சேர்த்துக் கட்டினா ஏலம் ரத்து. நடுவுல யாராவது ஒருத்தர் வந்து "இது அவர் சொத்தே இல்லை, என் சொத்து"ன்னு மனு போட்டா, அது தனி விசாரணை.

2021-ல உச்ச நீதிமன்றம் ஈ.பி.க்களை ஆறு மாசத்துக்குள்ள முடிங்கன்னு உத்தரவு போட்டுச்சு. 2025 மார்ச்சுல தமிழ்நாட்டுல இருந்து ஒரு வழக்கு அதே நீதிமன்றத்துக்கு வந்துச்சு. 1980-ல போட்ட ஒரு விற்பனை ஒப்பந்தம். டிக்ரி வாங்கினவங்களுக்கு இன்னும் நிலம் கைக்கு வரலை. நீதிபதிகள் எல்லா உயர் நீதிமன்றங்கள்கிட்டயும் கணக்குக் கேட்டாங்க. அக்டோபர்ல வந்த கணக்குப்படி நாடு முழுக்க 8.82 லட்சத்துக்கும் மேல ஈ.பி. நிலுவை. தமிழ்நாட்டுல மட்டும் 86,000-க்கும் மேல. ஒவ்வொண்ணும் ஏற்கெனவே ஜெயிச்ச கேஸ்.

எங்க ஆச்சியோட ஈ.பி. 1994-ல போட்டது. அமீனா கடைக்குப் போனப்போ, போர்டுல மச்சினன் பேர் இருந்துச்சாம். மச்சினன் உடனே மனு போட்டார், சரக்கெல்லாம் என்னுதுன்னு. அது நாலு வருஷம் ஓடிச்சு. வீடு மனைவி பேர்ல. 1998-ல ஈ.பி. முடிஞ்சுபோச்சு, ஒண்ணும் தேறலை. டிக்ரி நாள்ல இருந்து 12 வருஷம் வரைக்கும் மறுபடி போடலாம். 2005 வரைக்கும் நேரம் இருந்துச்சு. கடனாளியைக் கூண்டுல ஏத்தி, உன் சொத்து விவரத்தைப் பிரமாணப் பத்திரமா எழுதிக் கொடுன்னு கேக்கவும் 1976-லேர்ந்து விதி இருக்கு. பொய் சொன்னா அதுக்கும் வழி உண்டு. அதை ஆச்சிக்கு யாரும் சொல்லலை. வக்கீலுக்குப் பேட்டா கட்டிக் கட்டி அவங்களுக்குச் சலிச்சுப்போச்சு. "ஜெயிச்சது நான்தாம்ல. தோத்தவன் கடை வச்சிருக்கான், பாத்துக்க"ன்னு சிரிச்சுக்கிட்டே சொல்லுவாங்க.

பின்பக்கத்துல பென்சில் எழுத்து: "வரவு 2,000." தேதி 1999 ஜனவரி. ஈ.பி. முடிஞ்ச பிறகு எப்படி வரவுன்னு அம்மாகிட்ட கேட்டேன். பொங்கலுக்கு நாலு நாள் முன்னாடி ஆச்சி காலையில போய் அந்தக் கடைக்காரர் வீட்டுத் திண்ணையில உக்காந்துட்டாங்களாம். சாபம் விட்டாங்களா, சாமி பேரைச் சொன்னாங்களான்னு கேட்டேன், பிரிவு 508 ஞாபகத்துல. "ஒண்ணும் பேசலை. வெத்தலை கூட போடலை. சும்மா உக்காந்திருந்தா. தெருவே பாத்துக்கிட்டுப் போச்சு"ன்னாங்க அம்மா. சாயங்காலம் விளக்கு வைக்கிற நேரத்துக்கு அவர் சம்சாரம் உள்ளே இருந்து பணத்தைக் கொண்டு வந்து கொடுத்திருக்கு. நாலு ஐநூறு ரூபாய் நோட்டு. அந்த டிக்ரிக்கு மொத்த வசூல் அவ்வளவுதான்.